குரல் முந்தியா, வாய் முந்தியா: ‘டாக்வில்’ நாய்ப் படங்கள், ஒரு நிகழ்வு ஆய்வு

1929-க்கும் 1931-க்கும் இடையில் ஹாலிவுட்டின் மெட்ரோ-கோல்ட்வின்-மேயர் (எம்.ஜி.எம்.) நிறுவனம் ஒன்பது நகைச்சுவைக் குறும்படங்களை வெளியிட்டது. நடிகர்கள் எல்லோருமே நாய்கள். கோட்டும் சூட்டும் தொப்பியும் போட்டுக்கொண்டு பின்னங்காலில் நின்று காதலிக்கும், கொலை செய்யும், சிறைக்குப் போகும், போர்முனையில் பதுங்கிக் கிடக்கும். எல்லாம் மனிதக் குரலில் பேசும். தொடரின் பெயர் ‘டாக்வில் காமெடிஸ்’. அந்த நாளில் முழுக்கப் பேசும் படத்தை ‘ஆல் டாக்கி’ என்று விளம்பரம் செய்வது வழக்கம். இவர்கள் குரைப்பைக் குறிக்கும் ‘பார்க்’ என்ற சொல்லை உள்ளே நுழைத்து ‘ஆல் பார்க்கி’ என்று போட்டார்கள்.

எழுதி இயக்கியவர்கள் சயான் மையர்ஸ், ஜூல்ஸ் ஒயிட் இருவரும். நாய்களுக்குப் பயிற்சி கொடுத்தவர் ரென்னி ரென்ஃப்ரோ. ஒயிட் எடிட்டராக இருந்து இயக்கத்துக்கு வந்தவர். இந்த ஒரு விவரத்தை நினைவில் வைத்துக்கொண்டால் படங்கள் பாதி விளங்கிவிடும், ஏனென்றால் இந்த நாய்கள் பேசியது படப்பிடிப்பில் இல்லை, எடிட்டிங் மேசையில்தான்.

பேசும் விலங்குப் படம் எடுப்பவர் முதல் நாளே முடிவு செய்ய வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. குரல் முந்தியா, வாய் முந்தியா? எது முதலில் பதிவாகிறதோ அது அசையாது. பின்னால் வருவது அதற்கு வளைந்து கொடுக்க வேண்டும். டாக்வில் குழு வாயை முதலில் எடுத்தது. பத்தாண்டு கழித்து பாரமவுண்ட் வெளியிட்ட ‘ஸ்பீக்கிங் ஆஃப் அனிமல்ஸ்’ தொடர் குரலை முதலில் எடுத்தது. வசனம், செலவு, தவறுகள், விலங்கு பட்ட பாடு எல்லாமே இந்த ஒரு முடிவிலிருந்துதான் கிளைக்கின்றன. எனவே முதல் தொடரை நெருங்கிப் பார்த்து, இரண்டாவதைப் பக்கத்தில் நிறுத்தி ஒப்பிடுகிறோம்.

மௌனப் படத்தில் இந்தச் சிக்கலே இல்லை. ஹால் ரோச் ஸ்டுடியோ 1923, 1924 காலத்தில் எடுத்த ‘டிப்பி டூ டாட்ஸ்’ படங்களிலும் குரங்குகளும் மற்ற விலங்குகளும் மனித உடையில் நடித்தன. குரங்கு எதையோ பார்க்கும், டைட்டில் கார்டு வரும், மறுபடி குரங்கு. வசனத்தைச் சொன்னது கார்டு. வாய் என்ன செய்தது என்று ஒருவரும் பார்க்கவில்லை. 1927 அக்டோபரில் நடிகரின் பேச்சே ஒலித்த ‘தி ஜாஸ் சிங்கர்’ வந்த பிறகு கார்டு மெல்லப் போய்விட்டது. பார்வையாளரின் கண் உதட்டுக்கு ஏறியது. விலங்கு நகைச்சுவையைத் தொடர நினைத்தவர்களுக்கு அதன் பிறகு வாய் ஒரு தொழில்நுட்பப் பிரச்சினை ஆனது. டிஃபனி நிறுவனமும் 1930, 1931 காலத்தில் சிம்பன்சிகளை வைத்து இதே வேலையில் இறங்கியது. சிம்பன்சியின் உதடு நாயின் உதட்டைவிட நன்றாக வளையும், ஆனால் அதை ஓர் இடத்தில் உட்கார வைப்பது பெரும்பாடு. நாய் சொன்னால் நிற்கும். உதடுதான் ஒத்துழைக்காது.

மௌனமாக எடுத்தது ஏன்

1929-இல் ஒலியோடு படம் எடுப்பதென்றால் கேமராவின் இரைச்சல் மைக்கில் விழாதபடி அதை ஓர் அறைக்குள் அடைக்க வேண்டும், அல்லது கனமான உறை போட வேண்டும். கேமரா நகராது. செட்டில் ஒருவர் இருமக்கூடாது. இந்த நிலையில் நாயை வைத்து எப்படி எடுப்பது? பயிற்சியாளர் கேமராவுக்குப் பின்னால் நின்று கூப்பிட வேண்டும், விசிலடிக்க வேண்டும், கை தட்ட வேண்டும். அதனால் டாக்வில் படங்களை மௌனமாகவே எடுத்து, வசனத்தையும் இசையையும் சத்தங்களையும் பிறகு சேர்த்தார்கள். இன்றைய தமிழ் சினிமாவில் முழு டப்பிங் செய்வதற்கும் இதற்கும் அடிப்படையில் வேறுபாடு இல்லை. அங்கே நடிகர் வசனத்தைச் சொல்லியபடி நடித்திருப்பார். இங்கே நடிகர் மிட்டாயைத்தான் மென்றிருக்கிறார்.

மிட்டாய் என்பது உவமை இல்லை. நாயின் வாயை அசைய வைக்க டாஃபி கொடுத்தார்கள். ஏன் டாஃபி? பிஸ்கட் கொடுத்தால் நாய் இரண்டு கடியில் விழுங்கிவிடும், ஷாட் ஒரு நொடியில் முடிந்துபோகும். எலும்பு கொடுத்தால் தலையைக் குனிந்து முன்னங்காலால் பிடித்துக்கொள்ளும், முகமே தெரியாது. பல்லில் ஒட்டும் மிட்டாய் என்றால் நாய் தலையை நிமிர்த்தி, தாடையைத் திறந்து மூடி, நாக்கால் மேலண்ணத்தைத் துழாவும். தாளம் ஒழுங்காக இருக்காது. அந்த ஒழுங்கின்மைதான் பேச்சு மாதிரித் தெரிகிறது. ஒரே சீராக மெல்லும் வாய் மெல்லுகிற வாயாகவே தெரியும். இடையில் நின்று, மறுபடி திறந்து, பக்கவாட்டில் இழுபடும் வாய் யோசித்துப் பேசுகிற மாதிரித் தோன்றும்.

இன்று யாராவது இதைச் செய்து பார்க்க நினைத்தால் டாஃபி வேண்டாம். சாக்லேட்டில் உள்ள தியோபுரோமின் நாய்க்கு நஞ்சு. சர்க்கரை இல்லாத மிட்டாய்களிலும் சில நிலக்கடலை வெண்ணெய் வகைகளிலும் சேர்க்கும் சைலிட்டால் மிகக் குறைந்த அளவிலேயே நாயின் ரத்தச் சர்க்கரையைச் சரித்துவிடும். ஒட்டும் மிட்டாய் தொண்டையில் சிக்கவும் செய்யும். உப்பும் சைலிட்டாலும் இல்லாத நிலக்கடலை வெண்ணெயை அரை டீஸ்பூன் அளவு மேல் பல்லின் உள்பக்கம் தடவினால், அதே அசைவு பத்துப் பதினைந்து நொடிக்குக் கிடைக்கும். அடுத்த டேக்குக்கு முன் தண்ணீர் கொடுத்து, வாய் காலியானதைப் பார்த்துவிட்டுத்தான் தொடர வேண்டும்.

கணக்கு ஒத்துவராத இடம்

மனிதர் சாதாரணமாகப் பேசும்போது நொடிக்கு நாலைந்து அசை வரும். நாய் மெல்லும்போது தாடை நொடிக்கு இரண்டு, மூன்று முறைதான் திறந்து மூடும். படம் ஓடுவது நொடிக்கு 24 பிரேம், அதாவது 24 தனிப்படம். ஓர் அசைக்கு ஐந்து பிரேம் என்றால், ஒரு மெல்லுக்கு எட்டு முதல் பன்னிரண்டு பிரேம் ஆகிறது. வாய் ஒரு முறை திறந்து மூடுவதற்குள் குரல் இரண்டு அசையைக் கடந்துவிடும்.

எல்லா அசைக்கும் வாயைப் பொருத்தப் பார்ப்பவர் தோற்பார். அது வேண்டியதும் இல்லை. பார்வையாளரின் கண் தேடுவது மூன்றைத்தான். பேச்சு தொடங்கும் கணத்தில் வாய் திறக்க வேண்டும். அழுத்தம் விழும் நெடில் உயிரில் வாய் திறந்திருக்க வேண்டும். உதடு ஒட்டும் எழுத்தில், அதாவது தமிழில் ப, ம இரண்டிலும், வாய் மூடியிருக்க வேண்டும். மூடல் இரண்டு பிரேமாவது தங்க வேண்டும், ஒரு பிரேம் மட்டும் என்றால் கண்ணுக்குப் படாது. மற்ற எழுத்துகளில் வாய் எப்படி இருந்தாலும் மன்னிப்பு உண்டு. குரல் வாயைவிட ஒன்றிரண்டு பிரேம் பிந்தினாலும் பரவாயில்லை, முந்தினால் உறுத்தும். எட்ட நிற்பவரின் சத்தம் நம்மை வந்து சேரத் தாமதிப்பதை வாழ்நாள் முழுக்கப் பார்த்துப் பழகியிருக்கிறோம், வாய் திறக்குமுன் குரல் வருவதை ஒருநாளும் பார்த்ததில்லை.

ஒரு ஷாட்டை எடுத்துக்கொண்டு இதைச் செய்து பார்க்கலாம். மூன்று நொடி, 72 பிரேம், நாயின் முகம் க்ளோஸ்-அப்பில். ஒவ்வொரு பிரேமாக நகர்த்தி வாய் எங்கே திறந்தது, எங்கே மூடியது என்று தாளில் குறித்துக்கொள்கிறோம். கிடைத்தது இப்படி என்று வைத்துக்கொள்வோம்: 1 முதல் 9 வரை வாய் மூடியிருக்கிறது. 10-இலிருந்து 15 வரை திறப்பு. 16–19 மூடல். 20–26 திறப்பு. 27–30 பாதி மூடல். 31–35 திறப்பு. 36-இலிருந்து 46 வரை நாக்கு வெளியே வந்து மூக்கை நக்குகிறது. 47–54 மூடல். 55–60 திறப்பு. 61 முதல் கடைசி வரை மூடல்.

இப்போது இந்த வாய்க்குத் தக்க வசனம் தேட வேண்டும். முதலில் மூன்று திறப்பு, அவற்றில் முதலிரண்டுக்கு இடையில் அழுத்தமான மூடல். ‘சாப்பாடா?’ என்ற சொல் அப்படியே பொருந்துகிறது. 10-இல் ‘சா’ தொடங்குகிறது, 16-இல் ‘ப்’ வந்து உதடு ஒட்டுகிறது, 20-இல் ‘பா’, பாதி மூடலில் நாக்கு மேலே போகும் ‘ட’ தொடங்க, 31-இல் ‘டா’ நீள்கிறது. பிறகு நாக்கு மூக்கை நக்கும் 11 பிரேமும் மௌனம். இந்த மௌனம்தான் ஷாட்டின் தங்கம். நாய் யோசிக்கிறது, ஆசைப்படுகிறது, சுற்றுமுற்றும் யாராவது பார்க்கிறார்களா என்று கவனிக்கிறது என்றெல்லாம் பார்வையாளர் தாமாகவே படித்துக்கொள்வார். 53-ஐ ஒட்டி ‘வே’ தொடங்கி, திறப்பில் ‘ணு’ ஓடி, 61-இல் ‘ம்’ என்று உதடு மூடுகிறது. ‘சாப்பாடா? … வேணும்.’ கடைசி 12 பிரேம் வாய் மூடியே இருப்பதால் சொன்னதைச் சொல்லி முடித்த கௌரவம் அந்த முகத்தில் வந்துவிடுகிறது.

அதே ஷாட்டுக்கு ‘எனக்கு ரொம்பப் பசிக்கிறது’ என்று எழுதினால் என்ன ஆகும்? மொத்தம் பத்து அசை. முதல் இரண்டு அசைக்குள் வாய் ஒரு முறைதான் திறந்திருக்கும். ‘ரொம்ப’வின் ‘ம்ப’ முழுதாக மூடாத வாயில் போய் விழும். நக்கும்போதும் குரல் ஓடிக்கொண்டிருக்கும். பார்ப்பவருக்கு நாய் பேசுவதாகப் படாது, எங்கோ ஒருவர் நாய்க்குப் பின்னால் ஒளிந்து பேசுவதாகப் படும். வாய் முந்தி என்றால் வசனகர்த்தா எடிட்டருக்குப் பின்னால் வர வேண்டும் என்பது இதனால்தான். முன்பே எழுதிய வசனம் ஒரு திட்டம் மட்டும். வாயைப் பார்த்துத் திருத்தி எழுதியதே வசனம்.

தப்பிக்கும் வழிகள்

ஒரு ஷாட்டுக்கு இத்தனை உழைப்பு என்றால் இரண்டு ரீல் படத்துக்கு என்ன கதி? 35 மி.மீ. படச்சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். ஒரு ரீல் ஆயிரம் அடி, ஏறக்குறைய பதினொரு நிமிடம். பதினைந்து நிமிடப் படம் என்றால் 21,600 பிரேம். அத்தனையிலும் வாயைப் பொருத்த முடியாது, பொருத்தவும் இல்லை. படங்களை மெதுவாக ஓட்டிப் பார்த்தால் தப்பிக்கும் வழிகள் ஒவ்வொன்றாகத் தெரியும்.

முதல் வழி, பேசுகிறவரைக் காட்டாமல் கேட்கிறவரைக் காட்டுவது. ஒரு நாய் வாயைத் திறக்கும், முதல் இரண்டு சொல் அதன் முகத்தில் வரும், உடனே எதிரில் இருக்கும் நாய்க்கு ஷாட் மாறும், மீதி வசனம் அதன் முகத்தின்மேல் ஓடும். கேட்கும் நாய் தலையைச் சாய்த்தால் போதும், வசனம் எவ்வளவு நீளமானாலும் தாங்கும். தலை சாய்க்க வைப்பது சுலபம்: பழக்கமில்லாத கீச்சுச் சத்தம் ஒன்று கேட்டால் பல நாய்கள் சாய்க்கும். மூன்று, நான்கு முறைக்குப் பிறகு சத்தம் பழகிப்போய் நாய் திரும்பக்கூட மாட்டாது, வேறு சத்தம் தேட வேண்டும். மௌனமாக எடுத்ததால்தான் இந்தத் தந்திரமே சாத்தியம் ஆனது.

இரண்டாவது வழி கூட்டம். ‘தி டாக்வே மெலடி’ (1930) எம்.ஜி.எம்.மின் சொந்த வெற்றிப் படமான ‘தி பிராட்வே மெலடி’யைக் கிண்டல் செய்கிறது. அதன் உச்சம், மழைக்கோட்டுப் போட்ட நாய்கள் சேர்ந்து ‘சிங்கிங் இன் தி ரெய்ன்’ பாடும் காட்சி. அந்தப் பாட்டை 1929-இல் ‘தி ஹாலிவுட் ரெவ்யூ’வில் நட்சத்திரங்கள் மழைக்கோட்டோடு பாடியதை அன்றைய ரசிகர்கள் அப்போதுதான் பார்த்திருந்தார்கள். கிண்டலாகவும் நல்ல தேர்வு, தொழிலாகவும் நல்ல தேர்வு. கோரஸில் யார் வாயையும் யாரும் தனியாகப் பார்ப்பதில்லை. லாங் ஷாட்டில் வாய் சின்னது. மழைக்கோட்டு முன்னங்கால்களையும் உடலைத் தாங்குகிற எதையும் மறைத்துவிடுகிறது. பாட்டின் தாளம் சீரானது என்பதால் சீராக மெல்லும் வாய்கூட அங்கே பிழையாகத் தெரியாது. தொடர் முழுவதிலும் குரலும் உடலும் மிக நன்றாக ஒட்டியிருப்பது இங்கேதான் என்பது எங்கள் கணிப்பு.

மூன்றாவது வழி கதையிலேயே இருக்கிறது. ஒன்பது படங்களும் பெரும்பாலும் அன்றைய பிரபலக் கதைகளின் நகல். ‘சோ குவயட் ஆன் தி கேனைன் ஃப்ரண்ட்’ மேற்குப் போர்முனைப் படத்தை, ‘தி பிக் டாக் ஹவுஸ்’ சிறைப் படத்தை, ‘ட்ரேடர் ஹவுண்ட்’ காட்டுப் படத்தை எடுத்துக்கொண்டது. ‘ஹூ கில்ட் ரோவர்?’ அன்று புகழ்பெற்றிருந்த துப்பறிவாளர் ஃபைலோ வேன்ஸை ‘ஃபைடோ வேன்ஸ்’ ஆக்கியது; ஃபைடோ அங்கே நாய்க்கு வைக்கும் பெயர். கதை ரசிகருக்கு முன்பே தெரியும், எனவே வசனம் அதிகம் சுமக்க வேண்டியதில்லை. அரைகுறையாகப் பொருந்திய வாயிலிருந்து வரும் அரைகுறை வாக்கியமும் புரிந்துவிடும். தெரியாத புதுக்கதையை இந்த முறையில் சொல்லியிருந்தால் இரண்டாவது நிமிடத்திலேயே பார்வையாளர் வழி தவறியிருப்பார். இன்று இந்தப் படங்களைப் பார்ப்பவர் பலருக்கு அலுப்புத் தட்டுவதற்கும் இதுவே காரணம்: மூலப் படங்கள் நினைவில் இல்லை. மூலத்தைப் பார்த்துவிட்டு நகலைப் பார்ப்பதே நல்லது.

உடல் பட்ட பாடு

வாய் முந்தி என்று முடிவு செய்தால் நடிப்பு முழுவதும் நாயின் உடம்பிலிருந்தே வர வேண்டும். அதன் விலையை நாய்தான் கொடுத்தது.

நாலு காலில் நிற்கும் நாய் தன் எடையில் ஏறக்குறைய 60 சதவீதத்தை முன்னங்கால்களில் தாங்குகிறது. பின்னங்காலில் நிமிர்த்தினால் முழு எடையும் இடுப்புக்கும் பின் முழங்காலுக்கும் போகிறது, முதுகெலும்பு அதற்காக வளைந்ததில்லை. பழகிய நாய் சில நொடி தானாக நிற்கும், நடக்கும். காட்சி அதைவிட நீண்டால் தாங்கு வேண்டும். டாக்வில் படங்களில் மெல்லிய கம்பி உதவியோடு நிறுத்தப்பட்ட, அசைக்கப்பட்ட நாய்களைக் காணலாம். முன்னங்கால் இயல்புக்கு மாறாக விறைத்து நிற்பது, உடல் ஆடாமல் தலை மட்டும் திரும்புவது, உடையின் தோள்பட்டை மேல்நோக்கி இழுபட்டிருப்பது எல்லாம் அதற்கு அடையாளம்.

வெப்பம் இன்னொன்று. நாய்க்கு வியர்த்துக் குளிர்வது உள்ளங்காலில் மட்டும். மீதி வெப்பத்தை நாக்கைத் தொங்கப்போட்டு மூச்சு இளைத்துத்தான் வெளியேற்ற முடியும். ஸ்டுடியோ விளக்குக்குக் கீழே கம்பளி உடையில் நிற்கும் நாய் சில நிமிடத்தில் இளைக்கத் தொடங்கும். தொழில் கணக்கில் பார்த்தாலும் அது நஷ்டம்: இளைக்கும் வாய் மூடுவதே இல்லை. மூடாத வாய்க்கு ப, ம உள்ள ஒரு சொல்லையும் கொடுக்க முடியாது, சிரிப்பு மட்டும்தான் கொடுக்கலாம். ஷாட் நன்றாக வர வேண்டும் என்றால் நாய் குளிர்ச்சியாக, நிம்மதியாக இருக்க வேண்டும். விலங்கின் நலமும் படத்தின் நலமும் இந்த இடத்தில் ஒன்றாகவே நிற்கின்றன, இதை அன்றைய படப்பிடிப்புகள் போதிய அளவு மதிக்கவில்லை என்பதைத் திரையிலேயே பார்க்கிறோம். காது பின்னால் ஒட்டியிருக்கும், கண்ணின் வெள்ளை பிறை போலத் தெரியும், வால் கால்களுக்கிடையே ஒடுங்கியிருக்கும், உதட்டை அடிக்கடி நக்கும். அந்த நாய் பயந்திருக்கிறது. அதன்மேல் ஓடும் வசனம் எவ்வளவு வேடிக்கையாக இருந்தாலும் பார்த்துச் சிரிக்க மனம் வருவதில்லை.

சட்டங்கள் பிறகுதான் வந்தன. பிரிட்டன் 1937-இல் விலங்குகளைத் துன்புறுத்தி எடுத்த காட்சிகளைத் திரையிடத் தடை விதித்துச் சட்டம் இயற்றியது. அமெரிக்காவில் 1939-இல் வெளியான ‘ஜெஸ்ஸி ஜேம்ஸ்’ படப்பிடிப்பில் குதிரை இறந்ததை ஒட்டி எழுந்த எதிர்ப்பால், 1940 முதல் அமெரிக்க ஹியூமேன் என்ற விலங்கு நல அமைப்பு ஹாலிவுட்டில் அலுவலகம் வைத்துக் கண்காணிக்கத் தொடங்கியது. டாக்வில் படங்கள் எடுக்கப்பட்டபோது இந்த இரண்டுமே இல்லை.

ரென்ஃப்ரோ பிறகு கொலம்பியா ஸ்டுடியோவின் ‘பிளாண்டி’ படங்களில் வரும் டெய்சி என்ற நாயைப் பழக்கினார். டெய்சி பேசாது. வீட்டில் நடப்பதைப் பார்க்கும், காதை நிமிர்த்தும், அவ்வளவுதான். டாக்வில்லில் ‘கேட்கும் நாய்’ ஷாட்டுகள் செய்த வேலையை டெய்சி தனியாகவே செய்தது, எங்கள் பார்வையில் இன்னும் நன்றாக. ஒயிட் 1933-இல் கொலம்பியாவின் குறும்படப் பிரிவுக்குத் தலைமையேற்று, ‘த்ரீ ஸ்டூஜஸ்’ படங்களைப் பல ஆண்டுகள் எடுத்தார். அடி விழும் பிரேமில் சத்தத்தை ஒட்டவைக்கும் அந்தப் படங்களின் துல்லியத்துக்கு, மௌன நாய்களுக்குச் சத்தம் ஒட்டிய இந்த மூன்றாண்டு நல்ல முன்பயிற்சியாக இருந்திருக்க வேண்டும்.

குரல் முந்தினால்

1941-இல் கார்ட்டூன் இயக்குநர் டெக்ஸ் ஏவரி வார்னர் நிறுவனத்தின் கார்ட்டூன் பிரிவிலிருந்து வெளியேறினார். அவரிடம் ஒரு யோசனை இருந்தது: உண்மையான விலங்கைப் படமெடுத்து, வாயை மட்டும் வரைந்தால் என்ன? ஜெர்ரி ஃபேர்பேங்க்ஸ் தயாரிப்பில், பாரமவுண்ட் வெளியீடாக ‘டவுன் ஆன் தி ஃபார்ம்’ அதே ஆண்டு வந்தது. ஏவரி மூன்று படங்களோடு விலகி எம்.ஜி.எம். கார்ட்டூன் பிரிவுக்குப் போய்விட்டார். தொடர் 1949 வரை ஓடியது. ஒரு ரீல் குறும்படத்துக்கான ஆஸ்கரை இரண்டு முறை வென்றது, 1942-ஆம் ஆண்டுப் படத்துக்கு ஒன்று, 1944-இன் ‘ஹூஸ் ஹூ இன் அனிமல் லேண்ட்’ படத்துக்கு இன்னொன்று.

இங்கே குரல் முதலில் பதிவாகும். ஒலித்தடத்தைப் பிரேம் பிரேமாக ஓட்டி எந்த எழுத்து எந்தப் பிரேமில் என்று எக்ஸ்போஷர் ஷீட்டில், அதாவது பிரேம் வாரியான அட்டவணையில், குறிப்பார்கள். கார்ட்டூன்காரர்களுக்கு இது தினசரி வேலை. பிறகு விலங்கின் படத்தை ஒவ்வொரு பிரேமாகக் கீழ்நோக்கிப் படம்வீசி, அதன் முகவாயைத் தாளில் தடம் எடுப்பது. ரோட்டோஸ்கோப் என்ற இந்த ஏற்பாட்டுக்கு மேக்ஸ் ஃப்ளைஷர் 1917-இலேயே காப்புரிமை பெற்றிருந்தார். தடத்தின்மேல் பேசும் வாயை வரைந்து, செல்லுலாய்டு தாளில் சாம்பல் நிறங்களில் தீட்டி, பழைய வாய் இருந்த இடத்தை மறைத்துப் புதிய வாயை அங்கே பதிக்க வேண்டும்.

கார்ட்டூனில் ஒரு படத்தை இரண்டு பிரேமுக்கு நிறுத்தி உழைப்பைப் பாதியாக்கலாம். இங்கே முடியாது. உயிருள்ள பசுவின் தலை ஒவ்வொரு பிரேமிலும் இம்மியளவாவது நகர்கிறது. வரைந்த வாய் இரண்டு பிரேம் நின்றால் முகத்திலிருந்து கழன்று மிதக்கும். ஆக, படத்தில் மூன்று நிமிடம் பேச்சு இருந்தால் 4,320 வாய். ஒன்றுகூடக் குறையாது. அதனால்தான் அசையாத தலை உள்ள ஷாட்டைத் தேடுவார்கள். மாடு, ஒட்டகம் போன்ற அசைபோடும் விலங்குகள் இதற்கு வசதி, நின்ற இடத்தில் நிற்கும், முகவாயும் பெரியது. ரோமம் அடர்ந்த சின்ன முகங்கள் சிரமம், ஏனென்றால் வரைந்த விளிம்புக்கும் ரோமத்துக்கும் இடையே கோடு தெரியும். சாம்பல் நிறம் ஒரு படி கூடினாலும் குறைந்தாலும் வாய் ஒட்டுப்போட்ட துணி மாதிரி நிற்கும். படச்சுருளில் பிம்பத்தை உருவாக்கும் நுண்ணிய மணித்துகள் துடித்துக்கொண்டே இருக்கும், தீட்டிய வாயில் அந்தத் துடிப்பு இருக்காது. இந்த வேறுபாடு க்ளோஸ்-அப்பில் நிச்சயம் தெரியும்.

இத்தனைக்கும் ஈடாகக் கிடைத்தது பெரிது. வசனம் எந்த வேகத்திலும் ஓடலாம். பாட்டு, விக்கல், திக்கல் எல்லாம் முடியும். முக்கியமாக, விலங்கு தன் பண்ணையிலோ மிருகக்காட்சிசாலையிலோ தன் போக்கில் நின்றால் போதும். கம்பி வேண்டாம், கோட்டு வேண்டாம், டாஃபி வேண்டாம். பாடு முழுவதும் விலங்கின் உடலிலிருந்து வரைபவரின் மேசைக்கு மாறிவிட்டது. இந்த ஒரு காரணத்துக்காகவே குரல் முந்திய வழி மேலானது என்று தயங்காமல் சொல்வோம். ஆனால் நகைச்சுவையில் டாக்வில்லுக்கு ஒரு பலம் மிச்சம் இருக்கிறது. வரைந்த வாய் சொன்னதை மட்டும் செய்யும். மெல்லும் நாய் யாரும் எழுதாத இடத்தில் மூக்கை நக்கும்.

நடுவழி ஒன்றும் உண்டு. 1950-இல் தொடங்கிய ‘ஃப்ரான்சிஸ்’ கோவேறு கழுதைப் படங்களையும் 1961-இல் வந்த ‘மிஸ்டர் எட்’ தொலைக்காட்சித் தொடரையும் உருவாக்கிய ஆர்தர் லூபின், இரண்டுக்கும் லெஸ் ஹில்டன் என்ற ஒரே பயிற்சியாளரை வைத்துக்கொண்டார். எட் குதிரையின் மேலுதட்டுக்கு அடியில் நைலான் நூல் போனது. நூல் உறுத்த, குதிரை உதட்டை அசைத்தது. வாய்க்குள் நிலக்கடலை வெண்ணெய் தடவியதாக ஊரெல்லாம் பரவிய கதை தாமே கட்டியது என்று நடிகர் ஆலன் யங் பிறகு ஒப்புக்கொண்டார். 1995-இன் ‘பேப்’ படத்தில் ரிதம் அண்ட் ஹியூஸ் நிறுவனம் கணினியில் செய்ததோ ஏவரியின் அதே வழி: குரல் முதலில், உண்மை விலங்கு, மாற்றியது வாய் மட்டும்.

பழைய பிரதியை டிஜிட்டல் ஆக்கும்போது

டாக்வில் படங்களைத் திரும்பப் பதிவு செய்கிறவருக்கு மற்றப் படங்களில் இல்லாத ஒரு தொல்லை இருக்கிறது. 35 மி.மீ. பிரதியில் ஒலித்தடம் அதற்குரிய படத்தைவிட ஏறக்குறைய 20 பிரேம் முன்னால் அச்சாகியிருக்கும். புரொஜெக்டரில் ஒலி படிக்கும் இடம் படம் காட்டும் இடத்துக்குக் கீழே இருப்பதால் இந்த ஏற்பாடு. படத்தையும் ஒலியையும் தனித்தனியே ஸ்கேன் செய்து இந்த இடைவெளியைச் சரிசெய்யாமல் சேர்த்தால் ஒலி முக்கால் நொடிக்கு மேல் விலகிவிடும். மனிதர் நடித்த படத்தில் முதல் வசனத்திலேயே தெரிந்துவிடும். இங்கே வாய் சொல்லோடு முழுதாக ஒட்டியதே இல்லை என்பதால், விலகியிருப்பதே தெரியாமல் பதினைந்து நிமிடமும் ஓடிவிடும். ‘பழைய படம், அப்படித்தான் இருக்கும்’ என்று விட்டுவிடுவார்கள்.

வாயை நம்பாதீர்கள். கதவு சாத்தும் பிரேம், துப்பாக்கி புகையும் பிரேம், தட்டு கீழே விழும் பிரேம் என்று திடீர்ச் சத்தம் உள்ள மூன்று இடங்களை ரீலின் தொடக்கத்திலும் நடுவிலும் முடிவிலும் எடுத்துக்கொண்டு ஒலியை அங்கே பொருத்துங்கள். மூன்றும் ஒரே அளவு விலகியிருந்தால் தடத்தை மொத்தமாக நகர்த்தினால் போதும். விலகல் போகப்போகக் கூடினால் வேகம் தவறு. நடுவில் ஓர் இடத்தில் சட்டென்று மாறினால் அங்கே படம் அறுந்து, ஒட்டும்போது சில பிரேம் தொலைந்திருக்கிறது. தொலைந்த பிரேமுக்குக் கருப்புப் பிரேம் வைத்து நீளத்தைக் காப்பாற்ற வேண்டும், ஒலியை வெட்டக்கூடாது.

சட்டகத்தையும் பார்க்க வேண்டும். 1929 முதல் 1931 வரையான ஒலிப் படங்களில் ஒலித்தடம் பிரேமின் ஒரு பக்கத்தைத் தின்றுவிட்டதால் படம் ஏறக்குறைய சதுரமாக, 1.19-க்கு 1 என்ற அளவில் இருக்கும். 1932-இல் நிலைபெற்ற 1.37 அளவுக்கு வெட்டினால் மேலும் கீழும் போய்விடும். நின்றுகொண்டிருக்கும் நாயின் படத்தில் மேலே போவது தொப்பியும் காதும், கீழே போவது பின்னங்கால்கள். காதில்தான் அந்த நாயின் மனநிலை முழுவதும் தெரிகிறது. முழுச் சட்டகத்தையும் ஸ்கேன் செய்து, பக்கங்களில் கருப்பு விட்டு அப்படியே வைத்துவிடுவது சரி.